காயும் முன்பே கழுவுங்கள்

கடலூர் லாரன்ஸ் ரோட்டிலோ சிதம்பரத்து வீதிகளிலோ எந்த நாட்டு மருந்துக் கடையில் கேட்டாலும் முல்தானி மட்டி கிடைக்கும். பக்கத்திலேயே நலங்கு மாவு, கஸ்தூரி மஞ்சள், ஆவாரம்பூப் பொடி, சந்தனப் பொடி எல்லாம் இருக்கும். நாலு கடை தள்ளி இருக்கிற ஃபேன்சி ஸ்டோரில் அதே மாதிரி மண் ‘கிளே மாஸ்க்’ என்ற பெயரில் டியூபுக்குள் இருக்கும்; விலை மட்டும் பல மடங்கு. பியூட்டி பார்லருக்குப் போனால் ஃபேஷியலின் கடைசிக் கட்டம் பல நேரம் இந்த மண் பூச்சுதான். கல்லூரி மாணவி, கல்யாணப் பெண், நைட் ஷிஃப்ட் முடிந்து வரும் நெய்வேலி ஊழியர் என்று யாரும் இதற்கு விலக்கில்லை. பையன்களும் பூசுகிறார்கள், பூசட்டும்.

மண் நல்லதா கெட்டதா என்பதல்ல பிரச்சினை. ‘நன்கு காய்ந்த பின் கழுவவும்’ என்று பல பொட்டலங்களில் அச்சடித்திருக்கிறார்களே, அந்த ஒரு வரிதான் பிரச்சினை. பாளம் பாளமாக வெடித்து, சிரித்தால் உதிர்கிற அளவுக்குக் காய்ந்தால்தான் மண் வேலை செய்கிறது என்று நாமும் நம்பிவிட்டோம். நடப்பது நேர்மாறு.

மண்ணுக்கு ஒரே ஒரு வேலை

முகத்தில் மண் செய்வது ஒன்றே ஒன்றுதான். மேலே ஒட்டியிருக்கும் எண்ணெயையும் அழுக்கையும் உறிஞ்சி எடுப்பது. ரத்தத்திலிருந்து நச்சை இழுக்காது. அந்த வேலையைக் கல்லீரலும் சிறுநீரகமும் பார்த்துக்கொள்கின்றன. தோலின் நுண்துளைகள் திறந்து மூடும் கதவுகளும் அல்ல. அவற்றில் அடைத்திருக்கும் எண்ணெய் போனால் கொஞ்ச நேரம் சிறிதாகத் தெரியும், அவ்வளவே. நிறத்தையும் மண் மாற்றாது. கழுவியதும் கண்ணாடியில் தெரிகிற பளிச்சுக்குக் காரணம் எண்ணெய்ப் பளபளப்பு போனதும், கழுவலில் போகாத மெல்லிய மண்துகள் தோல் வரிகளில் தங்கியிருப்பதும்தான். மறுநாள் காலையில் பழைய முகம் வந்துவிடும். அந்தப் பழைய முகத்தில் ஒரு குறையும் இல்லை என்பதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன்.

பூசியது முதல் கழுவுவது வரை மண் மூன்று நிலைகளைக் கடக்கிறது. முதலில் குழைவான ஈரம். இந்த நேரத்தில்தான் எண்ணெயும் அழுக்கும் மண்துகளோடு சேர்கின்றன. தோலின் மேலடுக்கும் ஈரத்தில் இளகுகிறது. அடுத்து தண்ணீர் ஆவியாகத் தொடங்கும். முகம் சில்லென்று இருக்கும், லேசாக இறுகும். மூக்கின் இரு பக்கமும், புருவத்துக்கு மேலும், தாடை ஓரத்திலும் அடர்ந்த நிறம் வெளுத்துக்கொண்டே வரும். கழுவ வேண்டிய நேரம் இதுதான். இதைத் தாண்டினால் மூன்றாம் நிலை. மண்ணில் இருந்த தண்ணீர் தீர்ந்துபோய், அது தோலின் மேலடுக்கில் இருக்கும் ஈரத்தை இழுக்க ஆரம்பிக்கிறது. மண் சுருங்குவதால் வரும் இறுக்கத்தைத் தோல் இறுகுவதாக எடுத்துக்கொள்கிறோம். கழுவிய பிறகு கன்னம் சிவந்து எரிவதும், சாயங்காலம் வாயோரம் செதில் செதிலாக வருவதும் அதன் விளைவு.

பத்து நிமிடம் என்று பொதுவாகச் சொல்வார்கள். கடிகாரத்தைவிட விரலை நம்புங்கள். கடலோரத்துப் புழுக்கத்தில் மண் மெதுவாகக் காயும். அதே மண் ஏசி அறையிலும் சுழல்கிற ஃபேனுக்குக் கீழேயும் ஐந்தாறு நிமிடத்தில் இறுகிவிடும். கன்னத்தில் விரலை வைத்தால் இன்னும் கொஞ்சம் ஒட்ட வேண்டும். ஒட்டவில்லை என்றால் தாமதமாகிவிட்டது. அப்போதும் பெயர்த்து எடுக்கக் கூடாது. ஈரத் துணியை முகத்தில் விரித்து ஒரு நிமிடம் ஊறவிட்டு, பிறகு தண்ணீர் ஊற்றிக் கையால் வழித்துவிட வேண்டும். நார் வேண்டாம், ஸ்க்ரப் வேண்டாம், டர்க்கித் துண்டால் தேய்ப்பதும் வேண்டாம்.

இதில் இவ்வளவு கறார் ஏன்? நம் ஊர்த் தோல் சினந்தால் கறுக்கும். வெள்ளைக்காரர்களின் தோலில் ஒரு எரிச்சல் வந்தால் சிவந்து, சில நாளில் அடங்கிவிடும். மாநிறத் தோலிலும் கறுத்த தோலிலும் எரிச்சல் ஆறிய இடத்தில் நிறமி கூடுதலாகச் சுரந்து கறை நிற்கும். பரு போன இடத்தில் மாதக்கணக்கில் நிற்கிற கறுப்பு அதுதான். ஓயாமல் தேய்ப்பதாலும் இதே கறுப்பு வரும். கறுப்பு போக வேண்டும் என்று மண்ணைக் காயவிட்டுத் தேய்க்கிறோம். தேய்த்ததாலேயே கறுப்பு ஏறுகிறது. அது தெரிந்ததும் இன்னும் அழுத்தித் தேய்க்கிறோம்.

எந்த மண், யாருக்கு?

எல்லா மண்ணும் ஒன்றல்ல. கயோலின் என்கிற வெள்ளைக் களிமண் மென்மையானது. அதன் அடுக்குகள் தண்ணீரில் உப்புவதில்லை, உறிஞ்சும் சக்தி குறைவு. பென்டோனைட் அதற்கு எதிர். அதில் இருக்கும் மான்ட்மோரில்லோனைட் கனிமம் தண்ணீரைக் குடித்து உப்பும், எண்ணெயையும் வெறியோடு இழுக்கும். குஜராத்தின் கட்ச் பகுதியிலும் ராஜஸ்தானின் பார்மரிலும் இது வெட்டி எடுக்கப்படுகிறது. முல்தானி மட்டியும் உறிஞ்சும் சக்தி மிகுந்த இனம்தான். கம்பளித் துணியின் எண்ணெய்ப் பிசுக்கை எடுக்கவே பழங்காலத்தில் இத்தகைய மண்ணைப் பயன்படுத்தினார்கள். அந்தச் சக்தியைக் காய்ந்த கன்னத்தின் மேல் காட்டினால் என்ன ஆகும் என்பதை நினைத்துப் பாருங்கள். தோலின் இயல்பு லேசான அமிலம். அமில-கார அளவு சுமார் 4.5 முதல் 5.5 வரை. முல்தானி மட்டி பெரும்பாலும் காரப் பக்கம் நிற்கும். அடிக்கடி பூசினால் அந்தச் சமநிலையும் கெடும்.

முதலில் உங்கள் தோல் எது என்று தெரிந்துகொள்ளுங்கள். காலையில் மென்மையான சோப்பால் முகம் கழுவி, ஒற்றித் துடைத்து, எதுவும் பூசாமல் ஒரு மணி நேரம் நிழலில் இருங்கள். நெற்றி, மூக்கு, கன்னம் மூன்றிலும் தனித்தனியாக டிஷ்யூத் தாளை ஒற்றிப் பாருங்கள். எல்லா இடத்திலும் எண்ணெய்க் கறை வந்தால் எண்ணெய்ப் பசைத் தோல். நெற்றியிலும் மூக்கிலும் மட்டும் வந்தால் கலப்புத் தோல். நம்மில் ஏராளமானவர்கள் இந்த வகைதான். எங்கும் வராமல், சிரித்தால் இழுக்கிறது என்றால் வறண்ட தோல்.

எண்ணெய்ப் பசைத் தோலுக்குத்தான் முல்தானி மட்டி பொருத்தம். வாரம் ஒரு முறை, வெயில் காலத்தில் அதிகம் போனால் இரண்டு முறை. எண்ணெய்ச் சுரப்பை உள்ளிருந்து நடத்துவது ஹார்மோன்கள். நெற்றியில் ஒரு சதுர சென்டிமீட்டருக்கு 400 முதல் 900 வரை எண்ணெய்ச் சுரப்பிகள் இருக்கின்றன. மண் மேலே வந்ததை எடுக்குமே தவிர, சுரப்பை நிறுத்தாது. தினமும் பூசுவதால் எந்த லாபமும் இல்லை.

கலப்புத் தோல்காரர்கள் முகம் முழுக்க ஒரே மண்ணைப் பூச வேண்டும் என்று யார் சொன்னது? நெற்றி, மூக்கு, தாடையில் மட்டும் பூசிவிட்டுக் கன்னத்தை விட்டுவிடுங்கள். வறண்ட தோலுக்கு வெள்ளைக் களிமண்ணை ஒரு ஸ்பூன் தயிரோ கற்றாழைச் சோறோ சேர்த்துக் குழைத்து, பதினைந்து நாளைக்கு ஒரு முறை, ஐந்து நிமிடம். அதுவும் இழுத்தால் மண்ணே வேண்டாம். தேங்காய் எண்ணெயோ மாய்ஸ்சரைசரோ போதும். மார்கழிப் பனியில் உதடும் கன்னமும் வெடிக்கிறவர்கள் தை பிறக்கும்வரை மண் பக்கமே போக வேண்டாம்.

எதைப் பூசினாலும் அரிக்கிற, எரிகிற தோலுக்கு ஒரு சோதனை இருக்கிறது. முழங்கைக்கு உள்பக்கம் அரை ரூபாய்க் காசு அளவுக்குப் பூசி, ஈரம் இருக்கும்போதே கழுவிவிட்டு, இரண்டு நாள் பொறுங்கள். சிவக்கவில்லை, அரிக்கவில்லை என்றால் முகத்துக்குப் போகலாம். பண்ருட்டிச் சுற்றுவட்டாரத்தில் முந்திரி உடைக்கிறவர்களுக்குக் கொட்டை எண்ணெய் பட்டுக் கையும் சில நேரம் முகமும் புண்ணாவது உண்டு. அந்தப் புண் ஆறி, தோல் பழைய நிலைக்கு வரும்வரை மண்ணைத் தொடக் கூடாது.

பருவுக்கு மண் கேட்குமா? கொஞ்சம் கேட்கலாம். ஜெர்மனியில் ஜோஜோபா எண்ணெய் கலந்த மண் பூச்சை வாரம் இரண்டு மூன்று முறை வீதம் ஆறு வாரம் பூசிப் பார்த்த ஆய்வு ஒன்று 2012-ல் வெளியானது. லேசான பருக்கள் சராசரியாகப் பாதிக்கு மேல் குறைந்ததாக அது சொல்கிறது. ஆனால் பூசாதவர்களோடு ஒப்பிட்டுப் பார்க்காத ஆய்வு அது. சீழ் வைத்த, கட்டியாக வலிக்கிற பருவுக்கு மண் மருந்தாகாது. மங்கு, தேமல், படர்தாமரை மூன்றுக்கும் சுத்தமாகச் சம்பந்தமில்லை. பருவுக்காக அடாபலீன், ட்ரெடினாயின், பென்சாயில் பெராக்ஸைடு போன்ற மருந்து பூசிக்கொண்டிருப்பவர்களின் தோல் ஏற்கெனவே உலர்ந்திருக்கும். மருத்துவரைக் கேட்காமல் மண்ணைச் சேர்த்தால் எரியும்.

கார்போக அரிசி

மண்ணைவிட மண்ணோடு கலப்பவற்றால் வரும் சேதம் அதிகம். எலுமிச்சைச் சாறு கடுமையான அமிலம். அதை முகத்தில் வைத்துவிட்டு வெயிலில் போனால் தோல் வெந்து, கறுத்த தடம் விழும். சமையல் சோடா இன்னொரு கோடி. பற்பசையையும் சேர்ப்பவர்கள் இருக்கிறார்கள். பல்லுக்கானது பல்லுக்கே இருக்கட்டும்.

இவற்றையெல்லாம்விட நான் கவலைப்படுவது கார்போக அரிசி பற்றித்தான். குளியல் பொடியிலும் நலங்கு மாவிலும் பச்சைப் பயறு, பூலாங்கிழங்கு, வெட்டிவேரோடு இதையும் சேர்த்து அரைப்பது நம் வழக்கம். கறுப்பாக, சிறுநீரக வடிவில், வாசனையோடு இருக்கும் விதை. இதில் சோராலென் என்ற பொருள் இருக்கிறது. சூரிய ஒளியில் உள்ள புற ஊதாக் கதிரோடு சேர்ந்தால் அது தோலைக் கறுக்க வைக்கும். அதனால்தான் வெண்புள்ளிக்கு நிறம் வரவழைக்கும் சிகிச்சையில் சித்தர்களும் ஆயுர்வேதிகளும் இதைப் பயன்படுத்தினார்கள். நவீன மருத்துவமும் சோராலென் கொடுத்து அளவான புற ஊதாக் கதிரைக் காட்டுகிறது. அளவு மீறினால் கொப்புளம்தான். நிறத்தைக் கூட்டுகிற விதையை, நிறம் குறைய வேண்டும் என்று முகத்தில் பூசிக்கொண்டு பதினொரு மணி வெயிலில் பஸ் ஸ்டாண்டில் நிற்கிறோம். உடம்புக்குப் பூசி உடனே கழுவுகிற குளியல் பொடியில் கொஞ்சம் இருப்பது வேறு. மண்ணோடு குழைத்து முகத்தில் ஊறவைப்பது வேறு. அரைக்கக் கொடுக்கும்போது “கார்போக அரிசி வேண்டாம்ண்ணே” என்று ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள். அரைத்து வைத்ததை வாங்குகிறவர்கள் அதில் என்னென்ன இருக்கிறது என்று கேட்டு வாங்குங்கள்.

குழைப்பதற்குக் காய்ச்சி ஆறிய தண்ணீர் போதும். சிதம்பரம் பக்கத்துக் கடலோர ஊர்களில் போர் தண்ணீர் உப்பாக இருந்தால், கடைசிக் கழுவலுக்காவது குடிக்கிற தண்ணீரை எடுங்கள். குழைத்ததை மிச்சம் வைத்து நாளைக்குப் பூச வேண்டாம். ஈர மண்ணில் கிருமி வளரும். தயிர் சேர்த்திருந்தால் கேட்கவே வேண்டாம்.

வயலின் சேறு, ஆற்றின் வண்டல்

மண்தானே, நம் கடலூர் மாவட்டத்தில் இல்லாத மண்ணா என்று சிலருக்குத் தோன்றும். நெய்வேலிச் சுரங்கத்தில் பழுப்பு நிலக்கரிக்கு மேலே களிமண் படுகைகள் இருக்கின்றன. விருத்தாசலம் செராமிக் தொழிலுக்குப் பேர்போன ஊர். அகல் விளக்கும் பொம்மையும் பீங்கான் சாமானும் செய்கிற களிமண் தொழிற்சாலைக்கானது. முகத்துக்கான கயோலினைக் கழுவி, சலித்து, கிருமியும் கன உலோகமும் இருக்கின்றனவா என்று சோதித்த பிறகே விற்க வேண்டும். பெயர் ஒன்று என்பதால் இரண்டும் ஒன்றாகிவிடாது.

கடலூரிலிருந்து சிதம்பரம் போகிற சாலையில் சிப்காட் ரசாயன ஆலைகள் வரிசையாக வருகின்றன. அவற்றின் பின்னால் ஓடுகிறது உப்பனாறு. அதன் வண்டலில் படிந்த கன உலோகங்கள் பற்றிப் பல ஆய்வுகள் வந்திருக்கின்றன. அந்த மண்ணோ, பிச்சாவரம் உப்பங்கழிச் சேறோ, காட்டுமன்னார்கோவில் பக்கத்து நெல் வயல் சேறோ முகத்துக்கு ஆகாது. சாதாரண மண்ணில் டெட்டனஸ் கிருமியின் வித்து இருக்கும். வயல் சேற்றில் மெலியாய்டோசிஸ் நோய்க் கிருமியும் இருக்கக்கூடும், அது சர்க்கரை நோயாளிகளுக்கு ஆபத்தானது. கிள்ளிய பரு, சவரத்தில் கீறிய கன்னம் எல்லாமே அந்தக் கிருமிகளுக்குத் திறந்த வாசல். இயற்கை மருத்துவ நிலையங்களில் மண் சிகிச்சைக்குச் சில அடி ஆழத்திலிருந்து மண்ணை எடுத்து, வெயிலில் உலர்த்தி, சலித்துத்தான் பயன்படுத்துகிறார்கள். காந்தி மண் பற்றுப் போட்டுக்கொண்டார் என்பதை மட்டும் பிடித்துக்கொண்டு ஆற்றங்கரைக்குப் போக வேண்டாம்.

நாமக்கட்டியைக் குழைத்துப் பருவின் மேல் வைப்பது நம் வீடுகளில் பழைய பழக்கம். திருவண்ணாமலை மாவட்டத்து ஜடேரி கிராமத்து நாமக்கட்டிக்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. பூசை அலமாரியில் இருக்கிற சுத்தமான கட்டியை உரசி, ஒரு பருவின் மேல் புள்ளியாக வைத்துக் கழுவுவதில் தப்பில்லை. உடைந்த பருவில் வைக்காதீர்கள். வண்ணம் சேர்த்த கட்டி எதுவும் முகத்துக்கு வேண்டாம்.

மண்ணைத் தின்கிற பழக்கத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். கர்ப்பிணிகளில் சிலருக்கு முல்தானி மட்டி, நாமக்கட்டி, சாம்பல் இவற்றின் மேல் தீராத ஆசை வரும். அது பல நேரம் இரும்புச்சத்துக் குறைவின் அடையாளம். மண்ணில் ஈயம் இருந்தால் வயிற்றுக் குழந்தையின் மூளை வளர்ச்சியையே தாக்கும். அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் 2016-ல் விற்பனையில் இருந்த சில பென்டோனைட் பொடிகளில் ஈயம் அதிகம் என்று எச்சரித்தது. வீட்டில் யாராவது மண் தின்பதைப் பார்த்தால் திட்டாமல் ஆரம்ப சுகாதார நிலையத்துக்கு அழைத்துப் போய் ரத்தத்தில் ஹீமோகுளோபின் பாருங்கள்.

கல்யாணமும் நாட்டியமும்

முகூர்த்தத்துக்கு முதல் நாள் புதிதாக எதையும் முகத்தில் பூசாதீர்கள். மணப்பெண்ணுக்கு மண் பூச வேண்டும் என்றால் நாலைந்து நாள் முன்னதாக, ஏற்கெனவே பழகிய பொருளை மட்டும். பிளீச் செய்த நாளிலும், த்ரெட்டிங் செய்த நாளிலும், ஆண்கள் சவரம் செய்த நாளிலும் மண் கூடாது.

சிதம்பரத்தில் 1981-லிருந்து சிவராத்திரியை ஒட்டி நாட்டியாஞ்சலி நடக்கிறது. எங்கெங்கிருந்தோ வரும் பெண்கள், சிறுமிகள் முகத்தில் மணிக்கணக்கில் கனமான மேக்கப்போடு இருக்கிறார்கள். ஆடி முடித்த இரவிலேயே மண் பூசி எல்லாவற்றையும் ‘இழுத்துவிட’ நினைப்பது தவறு. அன்றைக்குத் தேங்காய் எண்ணெயால் மேக்கப்பைக் கரைத்துத் துடைத்து, மென்மையாகக் கழுவினால் போதும். இரண்டு நாள் கழித்து மண். பன்னிரண்டு வயதுக்குக் கீழே உள்ள குழந்தைக்கு மண்ணே தேவையில்லை. அந்த வயதில் முகத்தில் எடுக்கிற அளவுக்கு எண்ணெய் இல்லை.

பார்லரில் வேலை பார்க்கிற பெண்களுக்கும் ஒரு வார்த்தை. நாள் முழுக்க மண் பொடியை அள்ளிக் கலக்குகிற உங்களுக்கு அந்தத் தூசு ஆகாது. மண்ணில் இருக்கக்கூடிய படிக சிலிக்காவை மூச்சில் இழுப்பது புற்றுநோய்க்குக் காரணமாகும் என்று சர்வதேசப் புற்றுநோய் ஆய்வு முகமை வகைப்படுத்தியிருக்கிறது. பொடியில் தண்ணீரை ஊற்றாமல், தண்ணீரில் பொடியை மெதுவாகப் போடுங்கள். மாஸ்க் கட்டிக்கொள்ளுங்கள்.

கிரீம் பூசிக் கெட்ட முகங்கள்

சிவப்பாக வேண்டும் என்று மெடிக்கலில் சீட்டில்லாமல் வாங்கிய கிரீமை மாதக்கணக்கில் பூசியவர்களின் முகத்துக்கு எந்த மண்ணும் கூடாது. பெட்டாமெத்தசோன், க்ளோபெட்டாசோல் போன்ற ஸ்டீராய்டு கலந்த கிரீம்கள் தோலை மெலிய வைக்கும். வெயில் பட்டால் எரியும், ரத்த நாளம் சிவப்புக் கோடாகத் தெரியும், பெண்களுக்கும் மீசைப் பக்கம் முடி வளரும், நிறுத்தினால் பரு கொட்டும். இந்தியத் தோல் மருத்துவர்கள் இதற்கு ஸ்டீராய்டால் சிதைந்த முகம் என்றே தனிப் பெயர் வைக்கும் அளவுக்கு இது பரவியது. 2018-ல் மத்திய அரசு இத்தகைய பல ஸ்டீராய்டு பூச்சுகளை மருத்துவர் சீட்டு இல்லாமல் விற்கக் கூடாத பட்டியலில் சேர்த்தது. பாதரசம் கலந்த கிரீம்களோ தோலைத் தாண்டிச் சிறுநீரகத்தையே கெடுப்பவை. கேரளத்தின் மலப்புரம் மாவட்டத்தில் அப்படிப் பாதிக்கப்பட்டவர்களைச் சிறுநீரக மருத்துவர்கள் 2023-ல் பதிவு செய்திருக்கிறார்கள்.

அப்படி மெலிந்துபோன தோலை ‘இயற்கையாகச் சரி செய்கிறேன்’ என்று முல்தானி மட்டி பூசுகிறவர்கள்தான் அதிகம் வேதனைப்படுகிறார்கள். உங்கள் முகமும் இப்படி எரிந்தால் மண்ணை நிறுத்துங்கள். கிரீமையும் நீங்களாகச் சட்டென்று நிறுத்த வேண்டாம். மருத்துவர் சொல்லும் விதத்தில் குறைத்துத்தான் நிறுத்த வேண்டும். கடலூர் மஞ்சக்குப்பத்தில் அரசுத் தலைமை மருத்துவமனை இருக்கிறது. சிதம்பரம் அண்ணாமலை நகரில், முன்பு ராஜா முத்தையா மருத்துவக் கல்லூரியாக இருந்த அரசு மருத்துவமனை இருக்கிறது. காலையில் போய் தோல் பிரிவுக்கு ஓ.பி. சீட்டு வாங்குங்கள். இதுவரை பூசிய டப்பா, டியூப், பொட்டலம் எல்லாவற்றையும், காலியானதாக இருந்தாலும், பையில் போட்டுக் கையோடு கொண்டுபோய் மருத்துவரிடம் காட்டுங்கள்.